சாட்சிக் கையெழுத்து

அமெரிக்காவில், இர்விங் என்ற ஊரில், ஒரு பொது கோல்ஃப் மைதானத்தில் அவரோடு ஒரே ஒருமுறை ஆடினேன். தொண்ணூறை நெருங்கிய கறுப்பின மனிதர். நெடிய உடம்பு. ஒவ்வொரு குழி முடிந்ததும், பந்தை எத்தனை அடியில் குழிக்குள் போட்டார் என்று அட்டையில் அழுத்தி எழுதுவார்.

ஆட்டம் முடிந்ததும் அட்டையை என்னிடம் நீட்டினார். "சாட்சிக் கையெழுத்துப் போடுங்கள்."

"சும்மாதானே ஆடினோம், எதற்கு சார்?"

"இருபது வயதில் என்னை ஜெயிக்க இந்த ஊரில் ஆள் இல்லை. தொழில்முறைப் போட்டி வெள்ளையருக்கு மட்டும் என்று விதி. விதியை எடுத்த பிறகும் கிளப்புகள் என்னை உள்ளே விடவில்லை. இன்று உலகமே ஆடுகிறது, உங்கள் இந்தியாவிலும் ஆடுகிறார்கள். நான் ஆடினேன் என்பதற்கு எங்கேயும் ஒரு வரி இல்லை."

கோல்ஃபில் அடி குறைந்தால்தான் வெற்றி. அவருடையது நூற்றிருபதைத் தாண்டியிருந்தது. மனசு கேட்காமல், "கொஞ்சம் குறைத்துப் போடலாமே" என்றேன்.

என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தார். "ஐயோ, வேண்டாம். பொய் என்று தள்ளிவிடுவார்கள். உங்கள் போன் நம்பரும் எழுதுங்கள். யாராவது கேட்டால் சொல்லுங்கள், ப்ளீஸ்."

எழுதிக் கொடுத்தேன். யார் கேட்கப் போகிறார்கள் என்று அவரிடம் கேட்கத் தைரியம் வரவில்லை. தெரியாத நம்பரிலிருந்து அழைப்பு வந்தால் இப்போதெல்லாம் எடுத்துவிடுகிறேன்.