செலவழியாத ஐந்து புள்ளிகள்

கம்பைநல்லூர் பரிதா அந்த விளையாட்டைக் கண்ணால் பார்த்ததில்லை. ரியாத்தில், அறைத்தோழன் மஸ்தானின் கம்ப்யூட்டரில் அவள் கணவன் கவுஸ் பாஷா ஆடுவான். ஒவ்வொரு படி ஏறும்போதும் ஆட்டத்து வீரனுக்குக் கிடைக்கும் புள்ளிகளைப் பலத்தில் போடுவதா, உயிரில் போடுவதா என்று கடிதத்தில் இவளைக் கேட்பான். இவள் நோட்டில் எழுதி, அடித்து, யோசித்துப் பதில் போடுவாள்.

எண்பத்தொன்பதில் அவன் லீவைத் தள்ளிப்போட்டான். அந்தக் கோபத்தில் இரண்டு மாதம் அவள் பதிலே போடவில்லை. அதற்குள் அங்கே வேலையிடத்தில் கட்டடச் சாரம் சரிந்து அவன் செத்துப்போனான்.

அவன் துணிமணிப் பெட்டியைக் கொண்டுவந்த மஸ்தான் சொன்னான்: "ஆட்டத்துல அஞ்சு புள்ளி அப்படியே கெடக்குதுங்க அண்ணி. 'போட்டுருங்க பாய்'னு நான் சொன்னா, 'அவ எழுதட்டும்'னாருங்க."

பரிதா நோட்டைத் திறந்தாள். அந்த ஐந்து புள்ளியைக் கேட்ட அவனுடைய கடைசிக் கடிதம் வந்த அன்றே எழுதிவைத்திருந்தாள்: 'அஞ்சும் உயிருக்கு.' தபாலில் சேர்க்கத்தான் மனசு வரவில்லை.