இன்னும் எனதாகாத கிரைண்டர்

ஈஜிபுராவில் என் மாவுக்கடை வாசலில் வைத்தே என்னை அடித்தார்கள். போன ரமலான் முடிந்த வாரம். இரும்புக் கம்பி பட்டு என் வலது கையில் இரண்டு விரல்கள் முறிந்தன. அரைத்து வைத்திருந்த மாவைச் சாக்கடையில் கொட்டினார்கள். கிரைண்டரை ரோட்டில் உருட்டி, அதன் கல்லைச் சம்மட்டியால் உடைத்தார்கள். தடுக்க வந்த என் மனைவியைத் தள்ளியதில் அவள் நெற்றி சுவரில் மோதி ரத்தம் கொட்டியது.

"பாய், வாங்குறப்ப சிரிச்சிக்கினே வாங்கினே இல்ல? இப்பவும் சிரி, பாக்கலாம்" என்று மஞ்சா என்னை அறைந்தான். அவன் வட்டிக்காரரின் ஆள். மகளின் பிரசவத்துக்காக வாங்கிய கடன் அது. எவ்வளவு கட்டியும் அசல் குறையவில்லை.

கிரைண்டர் இல்லாமல் கடை இல்லை. கடை இல்லாமல் சோறு இல்லை. எனக்கு நாலு பேரிடம் பேச வராது. ஸஜ்தாவில் விழுந்து, "யா அல்லாஹ், ஒரு வழி காட்டு. இல்லையென்றால் என்னை எடுத்துக்கொள்" என்று அழுதேன்.

கட்டுப்போட்ட கையைப் பார்த்துப் பள்ளிவாசல் இமாமே விசாரித்தார். சிறுவியாபாரிகளுக்காக வட்டியில்லாமல் நடக்கும் ஒரு சங்கத்துக்கு அனுப்பினார். அதன் பொறுப்பாளர் கரீம் பாய்.

"பணமா தர மாட்டோம் பாய். கிரைண்டரை நாங்க வாங்குவோம். எங்க லாபம் இவ்வளவுன்னு சொல்லிட்டு உங்களுக்குத் தவணைல விப்போம். தவணை தள்ளிப்போனாலும் விலை ஏறாது" என்றார்.

புது கிரைண்டர் என் கடையில் இறங்கிய அன்று, உடனே கையெழுத்துப் போடப் பேனாவை எடுத்தேன். கரீம் பாய் தடுத்தார்.

"பொறுங்க. எங்க கைக்கு வராத பொருளை நாங்க விக்கக் கூடாது. மொதல்ல ஓட்டிப் பாத்து நாங்க வாங்கிக்கணும். லுஹர் தொழுதுட்டு வந்து உங்களுக்கு விக்கிறேன்."

எனக்கு எரிச்சல்தான் வந்தது. எனக்காக வாங்கியதுதானே, இதற்கு எதற்கு இத்தனை சுற்று?

தொழுதுவிட்டுத் திரும்பினோம். கடை முன்னால் டெம்போ நின்றது. மஞ்சாவும் மூன்று பேரும் உள்ளே இருந்தார்கள்.

"ஏன் பாய், புது மிஷினா? நமக்கு ஒரு வார்த்தை சொல்லல? ஏத்துங்கடா!"

ஓடிப்போய்க் கிரைண்டரைக் கட்டிக்கொண்டேன். வயிற்றில் உதைத்தான். வாயில் ரத்தம் வந்தது. கம்பியை ஓங்கினான். "அல்லாஹ்!" என்பது மட்டும்தான் என் வாயில் வந்தது.

கரீம் பாய் குறுக்கே பாய்ந்து அவன் கையைப் பிடித்தார். "நில்லுப்பா! இது அவரோடது இல்ல, சங்கத்தோடது. இந்தா, பில்லுல பேரைப் பாரு."

"அவன் கடைலதானே கீது? கதை விடாதே!"

"கடைல இருக்கு, இன்னும் அவருக்கு விக்கல. நீ தூக்கினா அது வசூல் இல்ல, திருட்டு. நானே ஸ்டேஷனுக்குப் போன் போடறேன்."

மஞ்சா பில்லைப் பார்த்தான். முதலாளிக்குப் போன் செய்தான். பிறகு தன் ஆட்களிடம், "பிட்ரோ" என்றான். கன்னடத்தில் விடுங்கடா என்று அர்த்தம்.

தொழுகைக்கு முன்பே கையெழுத்துப் போட்டிருந்தால் கிரைண்டர் போயிருக்கும். என் உயிரும் போயிருக்கலாம்.

அன்று மாலையே ஜமாஅத்தார் என்னோடு ஸ்டேஷனுக்கு வந்தார்கள். புகார் கொடுத்தபின் வட்டிக்காரர் அசல் போதும் என்று இறங்கி வந்தார். இப்போது கடை நடக்கிறது. யாருக்கும் ஒளியாமல் வாசலில் உட்கார்கிறேன்.

அடிபட்டு மூலையில் கிடக்கும் சகோதரரே, என்னைப் போலக் கூச்சப்பட்டு வாய்மூடி இருக்காதீர்கள். நாலு பேரிடம் சொல்லுங்கள், அல்லாஹ்விடம் கேளுங்கள். அவன் உங்களைக் காக்க வைத்தால் கோபப்படாதீர்கள். அந்தக் காத்திருப்பில்தான் அவன் என்னைக் காப்பாற்றினான். அல்ஹம்துலில்லாஹ்.