புகைக்குள் நடந்த என் கல்யாணம்

எங்கள் ஊர் தமிழ்நாட்டோடு சேருவதற்கு மூன்று வருஷம் முன்பு, நெல் விளையாமல் போன ஒரு மாசியில் எனக்குக் கல்யாணம். பேச்சிப்பாறைப் பக்கம் மலையில் தீப்பிடித்து, ஊரெல்லாம் புகை. குடிசை எரிந்தவர்கள் சர்ச்சில் தங்கியிருந்ததால் எங்கள் வீட்டு முற்றத்தில் பந்தல் போட்டோம். அவர்களுக்கும் அங்கேதான் சாப்பாடு. தீயணைக்க முதல் ஆளாக ஓடினான் என்று என் அண்ணனை எல்லோரும் புகழ்ந்தார்கள். அப்பா இறந்தபின் என்னை வளர்த்தவன். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

போதகர் ஜெபம் முடித்ததும் பந்தி தொடங்கியது. எல்லோரும் இருமிக்கொண்டே சாப்பிட்டார்கள். கைப்பிள்ளையோடு உட்கார்ந்திருந்த, குடிசை இழந்த ஒரு பெண் அண்ணனைப் பார்த்ததும் இலையை விட்டு எழுந்தாள்.

"மரச்சீனிக் கிழங்கு நடக் காட்டுக்குத் தீ வச்சது இவருதான். காத்து அடிக்கு, வேண்டாம்னு கும்பிட்டுச் சொன்னேன். கேக்கல்ல."

"அவ சொல்லது உள்ளதா அண்ணே?" என்றேன்.

அவன் தலை குனிந்தான். "ஏட்டி, பேசாம இரு. மாப்பிள வீட்டுக்காரங்க இருக்காங்க."

இவனையா இத்தனை நாள் நம்பினேன்? ஆனாலும் அந்தப் பெண்ணிடம், "புகையில உனக்கு ஆளு தெரிஞ்சிருக்காது. இருந்து சாப்பிடு" என்றேன். அவள் என்னையே பார்த்தாள். பிறகு பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, சாப்பிடாமலே போய்விட்டாள்.

அதன்பிறகு அண்ணனோடு நான் முகம் கொடுத்துப் பேசியதில்லை. அவன் என்னை ஏமாற்றியதைப் பலரிடம் சொல்ல நினைத்ததுண்டு. சொன்னால், அன்று நான் சொன்ன பொய்யையும் சொல்ல வேண்டியிருக்கும். அதனால்தான் இத்தனை வருஷம் வாய் திறக்கவில்லை.