அடங்காத கால்கள்

ஆந்திர எல்லையிலுள்ள நகரியில் எங்கள் நெசவாளர் தெருவுக்குள் பவர்லூம் சத்தம் நுழைந்த காலம். என் வீட்டுக்காரர் சென்னைப் பக்கம் கம்பெனி வேலைக்குப் போய்விட்டார். வீட்டில் போட்டிருந்த இரண்டு பவர்லூம் தறிகளையும் நானே ஓட்டினேன். பஞ்சுத் தூசியில் ஓயாத தும்மல். மெடிக்கலில் ஒரு மாத்திரை கொடுத்தார்கள். தும்மல் நின்றது, தூக்கமும் வந்தது. பிறகு தினமும் சாயங்காலம் அது காபி மாதிரி ஆகிவிட்டது.

கொஞ்ச நாளில், விளக்கு வைக்கும் நேரத்தில் உட்கார்ந்தால் முழங்காலுக்குக் கீழே, எலும்புக்குள், என்னவோ ஊர ஆரம்பித்தது. வலி இல்லை. எழுந்து நடந்தால் அடங்கும். உட்கார்ந்தால் மறுபடி ஊரும். என் கால்களே என்னை எங்கோ கூட்டிப்போகப் பார்ப்பதுபோல் பயமாக இருந்தது. மாமியார் மந்திரித்த கயிறு கட்டிவிட்டார். தூங்கினாலாவது தப்பிக்கலாம் என்று இன்னொரு மாத்திரையும் சேர்த்துப் போட்டேன். ஊரல் தொடைவரை ஏறியது.

நின்றால் தொந்தரவு இல்லை. அதனால் தறியை விட்டு நகரவே மாட்டேன். "உன் மருமவ மாதிரி உழைக்க ஆளில்ல" என்று மாமியாரிடம் பக்கத்து வீட்டில் சொன்னார்கள். ஒருநாள் நின்றபடியே கண் அசந்துவிட்டேன். முந்தானை மோட்டார் பெல்ட்டில் மாட்டிக் கழுத்தை இறுக்கியது. கத்த முடியவில்லை. அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது. அதனால்தான் பிழைத்தேன்.

சேதி கேட்டு வந்த வீட்டுக்காரர் கழுத்துக் காயத்தைப் பார்த்தார். "இத்தினி நாளா ஏன் சொல்லல?"

"கால்ல ஊர்ந்துக்கினே கீதுன்னு சொன்னா யாரு நம்புவாங்க?"

மறுநாள் திருப்பதிக்குக் கூட்டிப்போனார். என்ன மருந்து சாப்பிடுகிறாய் என்று டாக்டர் தெலுங்கில் கேட்டார். ஒன்றுமில்லை என்றேன்.

"தும்மலுக்கு ஒண்ணு போடுவியே" என்றார், லீவில் வரும்போது பார்த்திருந்த வீட்டுக்காரர்.

டாக்டர் எழுதுவதை நிறுத்தினார். "சிலருக்கு அந்த மாத்திரையே காலை இப்படிப் படுத்தும். உனக்கும் அதுதானான்னு நிறுத்திப் பார்த்தாத்தான் தெரியும். ரத்தத்துல இரும்புச்சத்தும் பாக்கணும்."

இரும்புச்சத்து குறைவாகத்தான் இருந்தது. அதற்கு மருந்தும், தும்மலுக்குத் தூக்கம் வரவைக்காத வேறு மாத்திரையும் எழுதிக்கொடுத்தார். ஊரல் மெல்ல மெல்ல இறங்கியது. தறிகளை விற்றுவிட்டு நானும் சென்னைக்கே போய்விட்டேன்.

ஆனாலும் சில சாயங்காலங்களில் கெண்டைக்காலுக்குள் ஏதோ லேசாக அசையும். மூச்சைப் பிடித்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருப்பேன், அது போகிறதா, ஏறுகிறதா என்று.