மாரா மரத்தில் பட்ட பந்து

பேஸ்போலில் மூன்றாம் தளத்தில் நின்று விளையாடுகிறவர்களை எனக்குப் பிடிக்காது. சொன்னால் சிரிப்பீர்கள் என்றுதான் இத்தனை காலம் சொல்லாமல் இருந்தேன். போன வாரம் கண்டியிலிருந்து அக்குறணை பஸ்ஸில் வந்துகொண்டிருந்தபோது, கட்டுகஸ்தோட்டையில் ஒரு பாடசாலைப் பிள்ளை ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்தாள். மடியில் பேஸ்போல் கையுறை. நனைந்த தோலும் தேங்காய் எண்ணெயும் கலந்த அந்த மணம் மூக்கில் ஏறியதுமே எனக்குப் பதினேழு வயதாகிவிட்டது.

"எந்த இடத்துல நிக்கிற, மகள்?" என்று கேட்டேன்.

"தேர்ட் பேஸ், டீச்சர்."

பாவம், நல்ல பிள்ளைதான். நான் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

புதுக் கையுறை பலகை மாதிரி விறைத்துக்கொண்டிருக்கும். எண்ணெய் பூசி, நடுவில் பந்தை வைத்துக் கட்டி, தலையணைக்குக் கீழே வைத்துப் படுத்தால்தான் அது கைக்கு வசமாகும். எண்ணெய்க்கு நான் எங்கே போவேன்? உம்மாவின் குசினிப் போத்தல்தான். "கறி தாளிக்க எண்ணெய் இல்ல, இவட கைக்கு எண்ணெய்!" என்று உம்மா சத்தம் போடுவார். வாப்பாவுக்கு அக்குறணையில் இரும்புச் சாமான் கடை. பெண்பிள்ளை தலையில் ஸ்கார்ஃபைக் கட்டிக்கொண்டு மட்டையோடு ஓடுவதைப் பற்றிக் கடைக்கு வருகிறவர்கள் ஆளுக்கொரு விதமாகப் பேசுவார்கள். அதையெல்லாம் கேட்டு வைத்துக்கொண்டு ஒருநாள் சொன்னார்: "மாகாணக் கப்பக் கொண்டு வா, விளையாடு. தோத்தா இதோட சரி. பேச்சு பேச்சுதான்."

மாகாணக் கிண்ணத்தின் இறுதிப் போட்டி வரைக்கும் வந்துவிட்டோம். நான் எவ்வளவு அடித்தேன் என்று சொல்லத் தொடங்கினால் இந்தக் கட்டுரை முடியாது, விடுங்கள்.

கிரிக்கெட் மட்டும் தெரிந்தவர்களுக்கு ஒரு விஷயம். அடிக்கிறவள் நிற்கும் இடத்திலிருந்து இரண்டு கோடுகள் விரிந்து போகும். அவற்றுக்கு வெளியே போய் விழுகிற பந்து பவுல். மூன்று தவறு சேர்ந்தால் அவுட்; முதல் இரண்டு பவுலும் அந்தத் தவறுக் கணக்கில் சேரும். அதற்குப் பிறகு எத்தனை பவுல் அடித்தாலும் நீங்கள் அவுட் இல்லை. ஆனால் பவுல் பந்தை நிலத்தில் படுமுன் ஒருத்தி பிடித்துவிட்டால் அவுட். அந்தப் பந்து மரத்திலோ சுவரிலோ வலையிலோ பட்டுவிட்டு அவள் கைக்கு வந்தால் அது பிடியே இல்லை, வெறும் பவுல்தான். இந்தக் கடைசி வரிக்காகத்தான் நான் உங்களை இவ்வளவு தூரம் கூட்டிக்கொண்டு வந்தேன்.

கண்டியில் மேட்டின் மேல் ஒரு மைதானம். மூன்றாம் தளத்துக்கு வெளிப்புறம், குடை விரித்த மாதிரி ஒரு மாரா மரம். கடைசிச் சுற்று, ஒரு ஓட்டம் பின்னால் நிற்கிறோம், இரண்டு பேர் தளங்களில் காத்திருக்கிறார்கள். நான் அவுட்டானால் ஆட்டம் முடிந்தது. வேகமான பந்துகளைத் தட்டித் தட்டிப் பவுலாக்கிக்கொண்டே நின்றேன். நாலு என்று ஞாபகம். அடுத்தது உயர எழும்பி மாரா மரத்துக்குள் போனது. கிளையில் பட்ட சத்தம் எனக்குக் கேட்டது. இலைகள் உதிர்ந்தன. கீழே நின்ற மூன்றாம் தளக்காரி கையுறையை நீட்டினாள், பந்து அதற்குள் வந்து விழுந்தது.

அவள் பெயர் சுகந்தி. யாழ்ப்பாணத்திலிருந்து மாற்றலாகி வந்த அரசாங்க உத்தியோகத்தர் ஒருவரின் மகள். கண்டியில் வேறொரு பள்ளிக்கூடத்தில் படித்தாள். நடுவரின் கண்ணில் வெயில். அவர் "அவுட்!" என்று கையை உயர்த்திவிட்டார். "மரத்துல பட்டிச்சி! மரத்துல பட்டிச்சி!" என்று கத்திக்கொண்டு அவளிடம் ஓடினேன். கையுறைக்குள் பந்தோடு ஓர் இலையும் கிடந்தது. நடுவர் வந்து சேர்வதற்குள் அவள் அந்த இலையை இரண்டு விரலால் எடுத்துக் கீழே போட்டாள். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே போட்டாள்.

"உண்மையச் செல்லு" என்றேன்.

"அம்பயர் அவுட் எண்டு சொல்லிட்டார். எனக்கென்ன தெரியும்?"

வாப்பா பேச்சு மாறவில்லை. கையுறை மச்சான் ஒருவருக்குப் போனது. என் விளையாட்டுக் காற்சட்டையை வெட்டி உம்மா தையல் மெஷினுக்கு உறை தைத்தார். அதற்குள்ளே சுகந்தி தேசிய அணிக்குத் தெரிவாகி, பேப்பரில் அவள் படம் வந்தது. அதை வெட்டிக் கணக்குக் கொப்பிக்குள் வைத்துக்கொண்டேன். கோபத்துக்கும் தீனி போட வேண்டும், இல்லாவிட்டால் அது செத்துப்போகும்.

நான் கணித ஆசிரியையானேன். பெண் நடுவர்கள் போதாது என்று பாடசாலைகளுக்குக் கடிதம் வந்தபோது முதலில் பெயர் கொடுத்தவள் நான்தான். "ஒரு மரத்துக்காக ஒருத்தி அம்பயராகிறதா?" என்று கேட்டுக் கணவர் சிரித்தார். ஆமாம், மரத்துக்காகத்தான். சுகந்தியும் ஆசிரியையாகி ஓர் அணியைப் பயிற்றுவிக்கிறாள் என்று கேள்விப்பட்டிருந்தேன். விதிப் புத்தகம் முழுவதும் மனப்பாடம். ஏழு வருடம் காத்திருந்தேன்.

கடைசியில் ஓர் அரையிறுதி ஆட்டத்தில் அவள் அணி என் முன்னால் வந்தது. முகக்கவசத்துக்குள் இருந்த என்னை அவளுக்குத் தெரியவில்லை. கடைசிச் சுற்றில் அவள் பிள்ளைகள் ஒரு ஓட்டம் முன்னால். இன்னும் ஒரே ஒரு அவுட் வேண்டும். எதிரணியில் இரண்டு பேர் தளங்களில் நின்றார்கள். பந்து பவுலாகிப் பின்பக்கம் உயர்ந்தது. அடிக்கிறவளுக்குப் பின்னால் நின்று பந்து பிடிக்கிற அவளுடைய பிள்ளை ஓடிப் போய் வலையோரம் அழகாகப் பிடித்தாள். பிள்ளைகள் கட்டிப்பிடித்துக் குதித்தார்கள். ஆனால் பந்து முதலில் வலையை உரசியது. வலை ஆடியதை நான் பார்த்தேன்.

"பவுல்! பிடி இல்லை!"

சுகந்தி ஓடி வந்தாள். "என்ன டீச்சர் இது? பிள்ளை வடிவாப் பிடிச்சவள்!"

என் தீர்ப்பு சரியான தீர்ப்பு. அதைச் சொல்லிவிட்டு ஆட்டத்தைத் தொடர்ந்திருக்கலாம். நான் அப்படிச் செய்யவில்லை. இடுப்புப் பையிலிருந்து விதிப் புத்தகத்தை எடுத்து, இரண்டு அணிப் பிள்ளைகளுக்கும் கேட்கும்படி அந்த வரியை வாசித்தேன். ஒரு தரம் போதும். இரண்டு தரம் வாசித்தேன். பிறகு முகக்கவசத்தைக் கழற்றிவிட்டு, புத்தகத்தைப் பார்க்காமல் சொன்னேன்: "மரத்துல பட்டாலும் இதே சட்டம்தான், டீச்சர்."

அவள் முகம் மாறுவதை ஆறுதலாகப் பார்த்தேன்.

"நீங்கள்... அந்த அக்குறணைப் பிள்ளையோ?"

நான் கவசத்தைப் போட்டுக்கொண்டேன். அடுத்த பந்தில் அடி விழுந்தது, இரண்டு ஓட்டம். அவள் அணி தோற்றது. பிள்ளைகள் அழுதார்கள். அந்தப் பிள்ளைகளை நினைத்துக் கவலைப்பட்டேன் என்று எழுதினால் அழகாகத்தான் இருக்கும். பொய் எழுத எனக்கு விருப்பமில்லை. அன்றைக்கு வீட்டுக்கு வந்து இரண்டு பீங்கான் சோறு சாப்பிட்டேன்.

புறப்படுவதற்கு முன், புள்ளித் தாளில் கையொப்பமிட அவள் என்னிடம் வந்தாள்.

"அண்டைக்கு நீங்கள் தொடர்ந்து அஞ்சு பவுல் அடிச்சனீங்கள்" என்றாள். "ஆறாவதுதான் மரத்தில பட்டது. ஒவ்வொண்டா எண்ணிக்கொண்டு நிண்டனான். இன்னொண்டு அடிக்க விட்டிருந்தா நாங்கள் துலைஞ்சம்."

"அப்ப இலையத் தெரிஞ்சிதான் கீழ போட்டீங்க?"

"ஓம். தெரிஞ்சுதான்."

"மன்னிப்புக் கேக்கல்லயே நீங்க."

"கேட்டாத் தருவீங்களோ?"

"இல்ல."

"பிறகென்னத்துக்குக் கேக்கிறது?" கையொப்பமிட்டுவிட்டுப் போனாள்.

அதற்குப் பிறகு அவளை நான் காணவில்லை. குடும்பத்தோடு கனடாவுக்குப் போய்விட்டாள் என்று சொன்னார்கள். அவளை இன்றைக்கும் மன்னிக்கவில்லை. ஆனால் அஞ்சு என்று எண்ணி வைத்திருந்தாளே, அதுதான் இடைஞ்சல் பண்ணுகிறது. நானே நாலு என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

மேட்டு மைதானத்தில் இப்போது மாடிக் கட்டிடம் நிற்கிறது. எங்கள் பள்ளியில் பெண்கள் அணி கலைந்து வெகுகாலம். வாப்பாவும் உம்மாவும் போய்விட்டார்கள். என்னோடு விளையாடியவர்கள் திசைக்கொருவராகிவிட்டார்கள். என் மூத்த சகோதரி, ராத்தாவைக் கேட்டால், "நீ ஸ்கோர் எழுதப் போனதுதானே?" என்கிறாள். ஒரு படம்கூட யாரும் எடுத்து வைக்கவில்லை.

போன மாதம் என் மகள் கேட்டாள்: "உண்மையாவே நீங்க விளையாடினீங்களா, உம்மா?"

யாரைக் கேட்டுப் பார் என்று சொல்வது?