நான் இறந்துபோன தெரு

மயிலாப்பூரில் எனக்கு அஞ்சலி செலுத்துகிறார்கள் என்பதை என் தோழிதான் முதலில் கண்டுபிடித்தாள். அவளும் என்னைப் போலத் திருநங்கை; வீடு மயிலாப்பூரில், தி. நகரில் ஒரு ஜவுளிக்கடையில் வேலை. ஆகஸ்ட் பதினாலாம் தேதி மாலை போன் செய்தாள்.

“அக்கா, எங்க வூட்டாண்ட ஒரு தெருவுல பேனர் கட்டிக்கினு இருந்தாங்க. யாரோ மிலிட்டரிக்காரராம், பார்டர்ல செத்துட்டாராம். படத்துல மூக்கு, முழி எல்லாம் அப்படியே உன்னாட்டம் கீது. உனக்குத் தம்பி யாராவது இருந்தாங்களா?”

“அண்ணன் ஒருத்தர்தான்” என்றேன். தெருவின் பெயரைக் கேட்டேன். அவள் சொன்னது நான் பிறந்து வளர்ந்த தெரு.

பதினேழு வருடம் ராணுவத்தில் சிக்னல் பிரிவில் இருந்தேன். ஆண் பெயர், ஆண் உடுப்பு. பனியில் கம்பி இழுத்தேன், வயர்லெஸ் பெட்டியைச் சுமந்தேன், ஹவில்தாராக ஓய்வு பெற்றேன். அதன் பிறகுதான் அறுவை சிகிச்சை. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த வாரம் அம்மாவுக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா கடைசி வரை கேட்டாள். ஒரு வார்த்தை பேசாமல் வைத்துவிட்டாள். அதற்குப் பிறகு அந்த வீட்டில் யாரும் என் போனை எடுக்கவில்லை. அந்த ஏழு வருடமும் நான் கோட்டூர்புரத்தில் தனியாக இருந்தேன். மயிலாப்பூருக்கும் கோட்டூர்புரத்துக்கும் ஆட்டோவில் கால் மணி நேரம்கூட ஆகாது.

மறுநாள் காலை போனேன். தெருமுனையில் கொடிக்கம்பம், சாமியானா, ஐம்பது நாற்காலி. கம்பத்துக்குப் பக்கத்தில் ஒரு மேசையில் என் படம். உடுப்போடு, தொப்பியோடு, மீசையோடு. மல்லிகை மாலை போட்டு, முன்னால் விளக்கு ஏற்றியிருந்தார்கள். ‘தாய்நாட்டுக்காக உயிர் நீத்த எங்கள் தெரு மைந்தன்’ என்று மேலே பேனர். என்னை நானே ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொண்டேன். பொய் சொல்லவில்லை, நிஜமாகவே தொட்டுப் பார்த்தேன்.

குடியிருப்போர் சங்கச் செயலாளர் என் கையில் ஒரு லட்டைக் கொடுத்து, “உட்காருங்கம்மா” என்றார்.

“இவர் எப்போ இறந்தார்?”

“ஏழு வருஷம் ஆச்சு. பாடிகூடக் கிடைக்கலையாம். பாவம், அதோ அவங்கதான் தாயார்.”

முதல் வரிசையில் அம்மா உட்கார்ந்திருந்தாள். தோளில் சங்கம் போர்த்திய பொன்னாடை. பக்கத்தில் அண்ணன். அவர்தான் என்னை முதலில் அடையாளம் கண்டார். எழுந்து ஓடி வந்து என் முழங்கையைப் பிடித்தார்.

“போயிடு. கையெடுத்துக் கும்பிடுறேன், போயிடு.”

“என்னைக் கொன்னுட்டியே, அண்ணா?”

“நான் இல்லை. அம்மாதான்.”

எனக்குப் புரியவில்லை. அவர் தாழ்ந்த குரலில் அவசர அவசரமாகச் சொன்னார். நான் பேசிய அன்று போனை வைத்ததும் அம்மா தரையில் உட்கார்ந்து கதறியிருக்கிறாள். பக்கத்து வீட்டுக்காரர்கள் ஓடி வந்து என்ன ஆச்சு என்று கேட்டபோது, “புள்ள போயிட்டான்” என்றாளாம். அவ்வளவுதான். நான் ஓய்வு பெற்றது தெருவுக்குத் தெரியாது; பார்டர், குண்டு, கிடைக்காத உடல் எல்லாம் தெரு தானாகச் சேர்த்துக்கொண்டது. இவர்கள் இல்லை என்று சொல்லவில்லை.

அண்ணன் செய்திருந்தால் சண்டை போட்டிருப்பேன். அம்மா என்றதும் எனக்குச் சண்டை வரவில்லை. கொடி ஏற்றினார்கள். என் கை தானாக நெற்றிக்குப் போயிற்று. சேலை கட்டிய ஒருத்தி ராணுவ சல்யூட் அடிப்பதைப் பார்த்து இரண்டு பேர் சிரித்தார்கள்.

அந்தச் சிரிப்புதான் என்னை மைக் வரைக்கும் நடத்தியது. என் பையில் எப்போதும் ஒரு ஃபைல் இருக்கும். பென்ஷன் தாளில் பெயரை மாற்றச் சொல்லி அலுவலகம் அலுவலகமாக நான் அலைந்துகொண்டிருந்த காலம் அது. அதிலிருந்து, ஓய்வின்போது ராணுவம் கொடுத்த டிஸ்சார்ஜ் புத்தகத்தை எடுத்து உயர்த்திப் பிடித்தேன். சர்வீஸ் நம்பர், ரேங்க், படைப்பிரிவு மூன்றையும் பரேடில் சொல்வதுபோலச் சொன்னேன்.

“இந்தப் படத்துல இருக்கறது நான்தான். நான் சாகலை. அறுவை சிகிச்சை பண்ணிக்கிட்டேன், பொண்ணா இருக்கேன். கோட்டூர்புரத்துல இருக்கேன்.”

செயலாளர் மைக் ஒயரைப் பிடுங்கினார். இஸ்திரி வண்டிக்கார அம்மாள் மட்டும் அருகே வந்து என்னை மேலும் கீழும் பார்த்து, “இன்னா சொல்ற நீ? உசுரோடவா கீற? இத்தினி வருசமா உனக்குப் பூ வாங்கிப் போட்டுக்கினு இருந்தேனே!” என்றாள்.

அம்மா எழுந்திருக்கவில்லை. நான் அவள் முன்னால் போய் நின்றேன்.

“அன்னைக்கு வாயில வேற எதுவும் வரலடா” என்றாள். அந்த ‘டா’ என்னை அறைந்தது. “சொன்னப்புறம் எல்லாரும் என்னை மரியாதையாப் பார்த்தாங்க.”

அன்று மாலைக்குள் சங்கத்தார் படத்தை எடுத்துவிட்டார்கள். தெருவின் மானம் போயிற்று என்று எனக்கு ஒரு கடிதமும் வந்தது. செத்த ராணுவ வீரனுக்கு மாலை போட்டவர்கள், உயிரோடு வந்தவளை, யார் என்று தெரிந்த பிறகு, உட்காரச் சொல்லவில்லை. அந்த அதிர்ச்சி எனக்கு இன்னும் அடங்கவில்லை. அதற்குப் பிறகுதான் நான் எனக்காக மட்டும் மனு எழுதுவதை நிறுத்தினேன். படையில் இருந்துவிட்டு வந்த திருநங்கையர், திருநம்பியர் யாராக இருந்தாலும் பெயர் மாற்றம், மருத்துவ அட்டை, கேன்டீன் அட்டை எல்லாவற்றுக்கும் சனிக்கிழமைகளில் அடையாற்றில் ஒரு நண்பரின் அறையில் உட்கார்ந்து எழுதிக் கொடுக்கிறேன். என் அடையாள அட்டையில் பெயர் மாறிவிட்டது; டிஸ்சார்ஜ் புத்தகத்தில் இன்னும் மாறவில்லை. அம்மா மாதம் ஒருமுறை பேசுகிறாள். என் புதுப் பெயரைச் சொல்லாமல் பேசப் பழகிக்கொண்டிருக்கிறாள்.

போன மாதம் நங்கநல்லூரிலிருந்து ஒரு தம்பதி வந்தார்கள். கணவர் விமானப்படையிலிருந்து ஓய்வு பெற்றவர், எழுபது வயதை நெருங்குபவர். மனைவிதான் பேசினார்.

“இவங்களும் உங்களை மாதிரி ஒரு பொண்ணுதான். கல்யாணம் ஆன மூணாவது வருஷமே எங்கிட்ட சொல்லிட்டாங்க. பசங்க ரெண்டு பேரும் செட்டில் ஆகட்டும்னு காத்திருந்தோம். எந்த ஃபாரம்னு சொல்லுங்க, நான் நிரப்பறேன்.”

பேனாவை நீட்ட மறந்துவிட்டேன். இப்படியும் ஒரு வீடு இருந்திருக்கிறதே என்று அவர்களையே பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த அம்மாள் தன் கைப்பையிலிருந்து பேனாவை எடுத்து எழுத ஆரம்பித்துவிட்டார்.