மூக்கில்லாத படம்

எங்கள் வீட்டுச் சுவரில் என் படம் ஒன்று மாட்டியிருக்கிறது. கண் உண்டு, மீசை உண்டு, வழுக்கைகூட உள்ளபடியே உண்டு. மூக்கு மட்டும் இல்லை. வருகிறவர்கள் அதைப் பார்த்துவிட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று என் முகத்தையும் ஒருமுறை சரிபார்த்துக்கொள்கிறார்கள்.

வரைந்தவர் வில்லாபுரத்தில் ஒரு மாடி வீட்டில் தனியாக இருந்த வயதான ஓவியர். பாலிசி பிடிக்கப் போன என்னை அவர் பிடித்து நாற்காலியில் உட்கார வைத்துவிட்டார். என் முகத்தில் ஏதோ இருக்கிறது போல என்று நம்பி உட்கார்ந்தேன். அழகில்லாதவனுக்கு அந்த நம்பிக்கை சீக்கிரம் வந்துவிடும். மனைவி இறந்து, மகனும் புனேயில் தங்கிவிட்ட பிறகு அவருடைய நாள் ஒரே மாதிரிதான் போனது. காலையில் வடிக்கிற கைப்பிடிச் சோறுதான் ராத்திரிக்கும். தட்டை ஸ்டூலில் வைத்துக்கொண்டு, எதிரே நிற்கும் படத்தைப் பார்த்தபடி சாப்பிடுவார். மூன்று மணிக்குச் சட்டை மாற்றி, தலை சீவி, டீக்கு இரண்டு டம்ளரைக் கழுவிக் கவிழ்த்து வைப்பார். இரண்டாவது எனக்கு.

படம் தினமும் மூக்குவரை வந்துவிடும். மறுநாள் போனால் மூக்கு இருக்காது. "சரியா அமையல தம்பி. லேசுல பிடிபடுற மூக்கு இல்ல உனக்கு" என்பார். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. ஒருநாள், மறந்துவிட்ட ஹெல்மெட்டை எடுக்கத் திரும்பவும் மாடியேறினேன். டர்பன்டைன் நனைத்த துணியால் என் மூக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார். என் பக்கம் திரும்பவில்லை.

"முடிஞ்சிட்டா நீ எதுக்குத் தம்பி வரப் போற?"

மறுநாள் நானே, "மூக்கு இன்னும் அமையல போலண்ணே" என்று சொல்லி உட்கார்ந்துகொண்டேன். அதன்பிறகு அதைப் பற்றி இருவரும் பேசவில்லை. அவருக்கு இருந்த ஒரே துணை நான்தான் என்று உள்ளுக்குள் கொஞ்சம் கர்வம்கூட.

போன மாசியில் இறந்துபோனார். காரியம் முடிந்து மகன் வீட்டைக் காலி செய்தபோது, கீழே கடை வைத்திருக்கும் டீக்காரரும் நானும் உதவிக்குப் போனோம். கட்டிலுக்குப் பின்னால், சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்த படங்கள். சிலிண்டர் போடுகிறவர், பழைய தபால்காரர், இதோ பக்கத்தில் நிற்கிற டீக்காரர். ஒருவருக்கும் மூக்கில்லை. "நானும் உக்காந்தவன்தாண்ணே. கடையை விட்டுட்டு எம்புட்டு நாளுதான் வர்றது" என்றார் டீக்காரர். எல்லாவற்றுக்கும் அடியில், தூசி அப்பிப்போய், ஒரு கல்லூரிப் பையனின் முகம். மகனேதான்.

மகன் அதைத் துடைத்துப் பார்த்துச் சிரித்தார். "லீவுக்கு வந்தப்பல்லாம் உக்கார வைப்பாரு. அப்பாவுக்கு மூக்கு மட்டும் கடைசி வரை வரவே இல்ல."

பேசியே பிழைக்கிறவன் நான். அன்றைக்குப் படங்களை மட்டும் ஒவ்வொன்றாகக் கீழே இறக்கினேன். மகன் தன் படத்தை மற்றவற்றோடு சேர்த்துப் பழைய சாமான் வண்டியில் போட்டார். நான் என்னுடையதை மட்டும் கேட்டு வாங்கி வந்தேன்.

"யாரையாச்சும் வச்சு ஒரு மூக்க வரைஞ்சிருங்களேன், பாக்குறவுக பயப்படுறாக" என்கிறாள் மனைவி. வரையலாம்தான். மூன்று மணி ஆனால் இப்போதும் தலை சீவிக்கொள்கிறேன். போவதற்குத்தான் இடமில்லை.